நான்காவது தாள்

ஒரு சட்டையில் எட்டு குறை கண்டுபிடிக்கத் தெரிந்தவள், ஒரே ஒரு தாளைப் படிக்காமல் கைநாட்டு வைத்துவிட்டாள். அவள் செய்த தப்பு அது ஒன்றுதான். மற்ற தப்பையெல்லாம் மற்றவர்கள் செய்தார்கள். ஆனாலும் பஸ் நிறுத்தங்களில் ஆறடி உயரத்துக்கு நின்றது அவள் முகம்தான்.

சட்டை தைக்கும் தொழிற்சாலையில் அவளை எல்லோரும் செக்கர் அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். சம்பளப் பட்டியலில் வேறு பெயர் இருந்தது, அதைக் கூப்பிட்டால் அவளே திரும்பிப் பார்க்க ஒரு நொடி ஆகும். பன்னிரண்டு வருஷமாகக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு சட்டை பார்த்தவள். காலர் கோணலா, பித்தான் துளை பிரிந்திருக்கிறதா, தையல் தாவியிருக்கிறதா என்று மேலிருந்து கீழே, இடமிருந்து வலமாக ஒரு பார்வை. குறை இருக்கும் இடத்தில் சிவப்பு அம்புக்குறி போட்ட சின்ன ஸ்டிக்கரை ஒட்டித் தைத்தவரிடமே திருப்பி அனுப்பிவிடுவாள். அம்பின் முனை எங்கே குத்துகிறதோ அங்கே தப்பு. திட்டமாட்டாள், விளக்கமாட்டாள், சமாதானமும் கேட்கமாட்டாள்.

ஒரு தடவை மேனேஜர் போட்டிருந்த சட்டையின் முதுகிலேயே அவள் அம்பு ஒட்டிவிட்டதாகவும், அவர் அதோடு சாயங்காலம் வரை ஊரைச் சுற்றி வந்ததாகவும் தொழிற்சாலையில் ஒரு கதை உண்டு. கதையைக் கிளப்பிவிட்டவள் இஸ்திரி மேஜைக்காரி. வாய் ஓயாதவள் என்பதால் அவளுக்கு ரேடியோ என்று பெயர். செக்கர் அக்காவைவிட ஐந்து வயது சின்னவள். பார்த்த சட்டைகள் அடுத்துப் போவது ரேடியோவின் மேஜைக்குத்தான், அதனால் பன்னிரண்டு வருஷத்தில் ஒன்பது வருஷம் இருவரும் கைக்கெட்டும் தூரத்திலேயே வாழ்ந்தார்கள். கூடப் பிறந்தவர்கள்கூட அவ்வளவு நேரம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு இருந்திருக்கமாட்டார்கள்.

போன வருஷம் ஒரு மத்தியானம், சாப்பாட்டு மணி அடித்துக் கொஞ்ச நேரத்தில், அவர்கள் வேலை செய்த மூன்றாவது மாடி எரிந்தது. ரேடியோ வரவில்லை. செக்கர் அக்கா வந்தாள், வலது கையையும் கழுத்தையும் ஒரு பக்கக் கன்னத்தையும் நெருப்புக்குக் கொடுத்துவிட்டு.

அவள் படம் ஊரெல்லாம் நிற்கிறது என்ற செய்தியை அவளிடம் கொண்டுவந்தவன் ரேடியோவின் புருஷன். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்தான். பஸ் நிறுத்தங்களில் விளம்பரம் ஒட்டுவது அவன் பிழைப்பு. எப்போது வந்தாலும் விரல் இடுக்கில் பசை காய்ந்து வெள்ளையாக இருக்கும், அன்றும் இருந்தது. நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை. வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டே நின்றான்.

பெரிய விளம்பரம் ஒரே தாளாக வராது, நான்கு தாளாக வரும் என்று அவன்தான் சொன்னான். மேல் தாளை முதலில் ஒட்டி, அடுத்ததை அதன் விளிம்போடு பொருத்தி, அப்படியே கீழே இறங்க வேண்டும். இந்தத் தடவை முதல் தாளில் ‘விழித்திரு’ என்று பெரிதாக ஒரு சொல். இரண்டாவதை விரித்தபோது இரண்டு கண். கண்ணைப் பார்த்ததுமே அக்கா என்று தெரிந்துவிட்டதாம். நம் அக்கா படத்தைப் பெரிதாகப் போட்டிருக்கிறார்களே என்று சந்தோஷப்பட்டு, காற்றில் பிய்யக்கூடாதென்று வழக்கத்தைவிட ஒரு கை கூடுதலாகப் பசை தடவியிருக்கிறான். மூன்றாவது தாளில் வாயும் கழுத்தும் கட்டுப் போட்ட கையும். நான்காவது தாளில் வெறும் எழுத்து, மூலையில் ஏதோ முத்திரைகள்.

ஒட்டுகிறவன் எழுத்தைப் படிப்பதில்லை, விளிம்பு சேர்கிறதா என்றுதான் பார்ப்பான். அப்படியே பத்து நிறுத்தம் ஒட்டிவிட்டான். பதினோராவதில் பசை வாளியை இறக்கி வைத்துவிட்டு மூச்சு வாங்கும்போதுதான் அதைப் படித்தான். “தோழி இஸ்திரிப் பெட்டியை அணைக்க மறந்தாள். ஒரு நிமிடக் கவனக்குறைவு. ஒரு வாழ்நாள் வடு.”

சொல்லிவிட்டுத் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு கேட்டான்.

“அக்கா, அவ மறந்தாளா?”

நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது செக்கர் அக்காவுக்கு. அவன் கத்தியிருந்தால் பதிலுக்குக் கத்தியிருப்பாள். அவன் நிஜமாகவே தெரியாமல் கேட்டான். பத்து நிறுத்தத்தில் தன் கையாலேயே பெண்டாட்டி மேல் பழி ஒட்டிவிட்டு வந்தவன் அவன்.

“மறக்கல தம்பி. பெட்டிய அணைச்சுட்டுத்தான் சாப்பிட வந்தா. பிளக்கையும் பிடுங்கினா. நான் என் கண்ணால பாத்தேன்.”

நெருப்பு வந்தது முன்படிக்கட்டை ஒட்டிய சுவரில் இருந்த ஸ்விட்சுப் பலகையிலிருந்து. பொறி பறக்கிறது என்று ரேடியோ மூன்று தடவை சூப்பர்வைசர் நோட்டில் எழுதினாள். எழுதியதை எல்லோருக்கும் கேட்கும்படி வாசித்தும் காட்டினாள், அதுதானே அவள் குணம். யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. புகை வந்ததும் எல்லோரும் பின்படிக்கட்டுக்கு ஓடினார்கள். பின்கதவில் சங்கிலி போட்டுப் பூட்டியிருந்தது. சட்டையைத் திருடிக்கொண்டு போய்விடுவார்களாம், அதனால் பகல் முழுக்கப் பூட்டு. சாப்பாட்டு நேரத்தில் மாடியில் முப்பது பெண்கள், ஒரு சங்கிலி. ஆஸ்பத்திரியில் தன்னிடம் கேட்டவர்களிடமெல்லாம் செக்கர் அக்கா இதைத்தான் சொன்னாள். ஒரு எழுத்து கூட்டவில்லை, குறைக்கவில்லை.

அவன் தலையாட்டிவிட்டுப் போனான். அழவில்லை. அழுதிருந்தால் அவளுக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

மறுநாள் வேலைக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு அந்த விளம்பரத்தைப் போட்ட விழிப்புணர்வு நிறுவனத்துக்குப் போனாள். தீக்காயம் பட்டவர்களுக்கு உதவுவதும், தீ விபத்தைப் பற்றி ஊருக்குச் சொல்வதும் அவர்கள் வேலை. ஆஸ்பத்திரியில் நன்றாகவே பார்த்துக்கொண்டார்கள், அதை அவள் இல்லையென்று சொல்லமாட்டாள். மருந்து வாங்கிக் கொடுத்தார்கள். வலது கை விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டி மடங்கி நிற்கின்றன, அவற்றைப் பிரிக்கும் அறுவை சிகிச்சைக்கு அவர்கள்தான் டாக்டரிடம் நாள் கேட்டிருந்தார்கள். இப்போது அவள் வேறொரு சின்ன யூனிட்டில் இடது கையால்தான் சட்டை பார்க்கிறாள். ஒரு நாளைக்கு நானூறு பார்த்தவளுக்கு இருநூறு பார்ப்பதற்குள் தோள் விட்டுப்போகிறது.

இயக்குநர் அம்மாவின் அறை குளுகுளுவென்று இருந்தது. சுவர் முழுக்கப் படங்கள். எல்லாம் செக்கர் அக்காவைப் போல நெருப்பில் இருந்து வந்த முகங்கள். சிலருக்குக் கண்ணில் கறுப்புப் பட்டை போட்டிருந்தார்கள், சிலருக்கு அதுகூட இல்லை. இயக்குநர் அம்மாவின் குரலில் தேன் வழிந்தது. தேநீர் வந்தது. அந்த விளம்பரத்தைப் பார்த்து எத்தனை வீட்டில் இஸ்திரிப் பெட்டியை அணைத்திருப்பார்கள் தெரியுமா என்று கேட்டார். தெரியாது என்றாள் செக்கர் அக்கா. அந்தப் பின்கதவைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லையே என்றாள்.

ஒரு விளம்பரத்தில் ஒரு விஷயம்தான் சொல்ல முடியும், கதவு வேறு பிரச்சாரம் என்றார் இயக்குநர் அம்மா. அப்படியென்றால் செய்யாத தப்பை ஏன் செத்தவள் மேல் போட்டீர்கள் என்று இவள் கேட்டாள். பெயர் போடவில்லையே, தோழி என்றுதானே போட்டிருக்கிறோம் என்றார் அவர். எவ்வளவு அழகாகப் பூசி மெழுகுகிறார் என்று செக்கர் அக்காவுக்கு வியப்பாகவே இருந்தது. ரேடியோவுக்கு ஒரு புருஷன் இருக்கிறான், இரண்டாம் வகுப்புப் படிக்கும் ஒரு பெண் இருக்கிறாள், தெருவில் நாலு பேர் இருக்கிறார்கள். அந்தத் தோழி யார் என்று அவர்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

பிறகு ஃபைலிலிருந்து ஒரு தாள் வந்தது. படங்களையும் பேச்சையும் நிறுவனம் தேவைக்கேற்பச் சுருக்கியும் மாற்றியும் பயன்படுத்திக்கொள்ளலாம் என்று அச்சடித்திருந்தது. கீழே மையில் ஒரு கைநாட்டு, அவளுடைய இடது கட்டைவிரல். தீப்பிடித்த மூன்றாம் நாள் தேதி. அன்றைக்கு அவளுக்குக் கொடுத்திருந்த வலி மருந்துக்கு, பெற்ற மகளின் பெயரைக் கேட்டிருந்தாலும் யோசித்துத்தான் சொல்லியிருப்பாள். அன்றைக்குத்தான் படமும் எடுத்திருக்கிறார்கள்.

தாளின் மேல் மூலையில் மூன்று முத்திரைகள். இரண்டு அவளுக்குத் தெரியாதவை. மூன்றாவது தெரிந்தது. பன்னிரண்டு வருஷம் ஒவ்வொரு சட்டையின் கழுத்துப் பட்டையிலும் பார்த்த அதே முத்திரை. இந்தப் பிரச்சாரத்துக்குச் செலவு செய்வது யார் என்று அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. கதவைப் பூட்டியவர்களே, கவனமாக இருங்கள் என்று ஊருக்குப் புத்தி சொல்கிறார்கள். சிரிப்பு வந்தது. கன்னத்தில் தோல் இழுத்துப் பிடிப்பதால் அவள் சிரித்தாலும் பாதிதான் தெரியும்.

வெள்ளிக்கிழமை ஒரு விழா இருக்கிறது, அதில் நீங்கள்தான் பேச வேண்டும் என்று இயக்குநர் அம்மா ஒரு தாளை நீட்டினார். பேச வேண்டியதை எழுதியே வைத்திருந்தார்கள். மேடைக்குப் பழக்கமில்லாதவர்களுக்கு வசதியாக இருக்குமாம். எழுந்து வாசல்வரை வந்தவர் தோளில் கை வைத்துச் சொன்னார்.

“அடுத்த மாசம் உங்க ஆபரேஷன். டாக்டர்கிட்ட நானே பேசியிருக்கேன். அதையும் இதையும் நான் முடிச்சுப் போடலைம்மா, தப்பா நினைக்காதீங்க.”

முடிச்சுப் போடாதவர்கள் முடிச்சைப் பற்றிப் பேசுவதில்லை என்பது செக்கர் அக்காவுக்குத் தெரியும். தாளை வாங்கிக்கொண்டு வந்துவிட்டாள்.

படி இறங்கும் இடத்தில் பேட்டிக்காரப் பெண் நின்றுகொண்டிருந்தாள். ஆஸ்பத்திரியில் கட்டில் பக்கத்தில் மூன்று நாள் உட்கார்ந்து, ரெக்கார்டர் வைத்து, இவள் சொன்னதையெல்லாம் பதிவு செய்தவள் அந்தப் பெண்தான். கதவைப் பற்றிச் சொன்னபோது இவளைவிட அதிகமாக அழுதவள். இப்போதும் கண் கலங்கித்தான் இருந்தது. கதவை எழுதினேன் அக்கா, மேலே வெட்டிவிட்டார்கள், மறந்தாள் என்ற வரி என்னுடையது இல்லை என்றாள். வேலை போய்விடும் என்று பயந்து வாயை மூடிக்கொண்டதாகவும் சொன்னாள். அதைச் சொல்லும்போது அவள் எதையும் பூசி மெழுகவில்லை.

“அன்னைக்கும் அழுத, இன்னைக்கும் அழற. அழுகைய நான் என்ன பண்ண? நான் பேசினதை நீ டைப் அடிச்சேல்ல, அது எனக்கு வேணும்” என்றாள் செக்கர் அக்கா.

வெளியே கொடுக்கக்கூடாது என்று பேட்டிக்காரப் பெண் இழுத்தாள்.

“வெளியே இல்லம்மா. பேசினவகிட்டத்தான் கேக்கறேன்.”

அந்தப் பெண் உள்ளே போனாள். வெகுநேரம் வரவில்லை. இனி வரமாட்டாள் என்று இவள் இரண்டு படி இறங்கிய பிறகு ஓடிவந்து பன்னிரண்டு பக்கத்தைக் கையில் திணித்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போய்விட்டாள்.

வீட்டில் இருந்தவர்கள் இரண்டே பேர், செக்கர் அக்காவும் அவள் மகளும். மகள் ஒன்பதாம் வகுப்பு. பள்ளிக்கூடத்துக்கு எதிரே உள்ள நிறுத்தத்திலேயே அம்மா நின்றிருக்கிறாள் என்பது அவளுக்கு ஒரு வாரமாகத் தெரியும். சொல்லவில்லை. அந்த நிறுத்தத்தைத் தவிர்க்க அடுத்த நிறுத்தம்வரை நடந்துபோய் பஸ் ஏறிக்கொண்டிருந்தாள். அது தெரியவந்ததும், அம்மாவைப் பார்க்க வெட்கமா என்று செக்கர் அக்கா கேட்டாள்.

“உன் மூஞ்சிய நான் தினமும்தான் பாக்கறேன். அதுல இருக்கற மூஞ்சி வேறம்மா. அது அழுதுட்டு இருக்கு. உனக்கே தெரியாம அழற மூஞ்சிய எல்லாரும் பாக்கறாங்க. அதான் பிடிக்கல.”

சாப்பாட்டு மேஜையில் அந்த விழாப் பேச்சையும் பன்னிரண்டு பக்கத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்கள். செக்கர் அக்கா கைப்பையிலிருந்து அம்பு ஸ்டிக்கர் சுருளை எடுத்தாள். மகள் வாசித்தாள், அம்மா ஒட்டினாள். ‘என் தோழியின் மறதி’ என்ற இடத்தில் ஒன்று. ‘அனைவரும் பத்திரமாக வெளியேற வழி இருந்தும்’ என்ற இடத்தில் ஒன்று. ‘என்னை மன்னித்துவிடுங்கள் என்று இந்த வடு தினமும் சொல்கிறது’ என்று ஒரு வரி இருந்தது. அதற்கு மகளே சுருளை வாங்கி மூன்று அம்பு ஒட்டினாள். யார் யாரிடம் மன்னிப்புக் கேட்பது என்று இருவரும் கொஞ்ச நேரம் திட்டினார்கள். ஒரு பக்கத் தாளில் பதினான்கு அம்பு. தொழிற்சாலையில் இப்படி ஒரு சட்டை வந்திருந்தால் திருப்பிக்கூட அனுப்பமாட்டாள், நேராகக் கழிவுப் பெட்டிதான்.

ஆபரேஷன் என்ன ஆகும் என்று மகள் கேட்டாள். செக்கர் அக்கா மடங்கிய விரல்களை இடது கையால் நீவிக்கொண்டே இருந்தாள். விரல் நிமிர வேண்டும் என்ற ஆசை அவளுக்கு எவ்வளவு என்பது அவளுக்கும் மகளுக்கும்தான் தெரியும். மகளுக்கு அவள் கடைசியாகத் தலை பின்னிவிட்டு ஒரு வருஷம் ஆகிறது.

“விரல் மடங்கித்தான் இருக்கு. நாக்கு மடங்கலையே” என்றாள் கடைசியில்.

ஆனால் ஒன்று பாக்கி இருந்தது. புதன்கிழமை வேலை முடிந்ததும் ரேடியோவின் வீட்டுக்குப் போனாள். அவன் வாளியைக் கழுவிக்கொண்டிருந்தான். சின்னப் பெண் உள்ளே வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாள், எழுதுவதைச் சத்தம் போட்டுப் படித்துக்கொண்டே எழுதினாள், அப்படியே அம்மாவின் வாய். விழாவில் உண்மையைச் சொல்லப்போகிறேன், ரேடியோவைப் பற்றிச் சொல்லாமல் அதைச் சொல்ல முடியாது, சொல்லலாமா என்று செக்கர் அக்கா கேட்டாள். வேண்டாம் என்றால் கதவை மட்டும் சொல்கிறேன் என்றாள்.

அவன் கை ஈரத்தைச் சட்டையில் துடைத்தான். இதுவரை யாரும் இதைக் கேட்டதில்லை என்றான். பேப்பர்காரர்கள் வந்தார்கள், படம் கொடு என்றார்கள், எடுத்துக்கொண்டு போனார்கள், அவ்வளவுதான்.

“சொல்லுங்கக்கா. நோட்டுல எழுதினதைச் சொல்லுங்க, பிளக்கைப் பிடுங்கினதைச் சொல்லுங்க. ஆனா கதவுகிட்ட அவ கத்தினதைச் சொல்லாதீங்க. நீங்க பக்கத்துல இருந்தீங்க, உங்களுக்குத் தெரியும். எம்பொண்ணு அதைக் கேக்கக்கூடாது.”

செக்கர் அக்கா சரி என்றாள். அவனுக்குச் சத்தியம் தேவைப்படவில்லை, அவளும் செய்யவில்லை.

வெள்ளிக்கிழமை விழா நடந்த அரங்கம் நிரம்பி வழிந்தது. பள்ளிப் பிள்ளைகளை வரிசை வரிசையாக உட்கார வைத்திருந்தார்கள். முன்வரிசையில் கோட்டுப் போட்டவர்கள், அவர்களில் பழைய மேனேஜரும் ஒருவர். மேடையில் அதே விளம்பரம், பஸ் நிறுத்தத்தில் இருப்பதைவிடப் பெரிதாக. எழுதியதை அப்படியே கிளிப்பிள்ளை மாதிரி சொன்னால் போதும், பதற்றம் வேண்டாம் என்று இயக்குநர் அம்மா காதோரம் சொல்லி அனுப்பினார். கடைசி வரிசைக்கும் பின்னால், கதவோரம் ரேடியோவின் புருஷன் நின்றான். மகள் பிள்ளைகளோடு பிள்ளையாக நடுவில் இருந்தாள்.

செக்கர் அக்கா மைக் முன்னால் நின்றாள். தாளை மடித்தே வைத்திருந்தாள். பிறகு அவளுக்குத் தெரிந்த ஒரே வேலையை அவள் செய்தாள். மைக்குக்குப் பின்னாலேயே இருந்த விளம்பரத்தின் பக்கம் திரும்பி நின்று, மேலிருந்து கீழே, இடமிருந்து வலமாக ஒரு பார்வை பார்த்தாள். பைக்குள்ளிருந்து சுருளை எடுத்துப் பல்லால் ஒரு ஸ்டிக்கரை உரித்து, ‘மறந்தாள்’ என்ற சொல்லின் மேல் ஒட்டினாள்.

இதுவும் விழாவில் ஒரு பகுதி என்று நினைத்து யாரோ இரண்டு பேர் கைதட்டினார்கள்.

“நான் சட்டையில தப்பு பாக்கற வேலை செய்யறவ. தப்பு இருந்தா அம்பு ஒட்டுவேன். இது முதல் தப்பு. அவ மறக்கல. பெட்டிய அணைச்சா, பிளக்கைப் பிடுங்கினா. பலகையில பொறி பறக்குதுன்னு மூணு தடவை நோட்டுல எழுதினா. அந்த நோட்டு யார்கிட்ட இருக்குன்னு முன்வரிசையில இருக்கறவங்களுக்குத் தெரியும்.”

இரண்டாவது அம்பு ‘கவனக்குறைவு’ என்ற சொல்லுக்குப் போனது. யாருடைய கவனக்குறைவு என்று கேட்டாள். பின்கதவு, சங்கிலி, பூட்டு, முப்பது பெண்கள். சட்டை திருட்டுப் போகக்கூடாது என்ற கவனம் மட்டும் அங்கே எள்ளளவும் குறையவில்லை என்றாள். மூன்றாவது அம்பைப் படத்தில் தன் கண்ணுக்குக் கீழே ஒட்டினாள். இந்தப் படம் எடுத்தபோது எனக்கு நினைவில்லை, என்னைக் கேட்கவில்லை, நான் அழுவது எனக்கே தெரியாது என்றாள். நான்காவதைக் கீழே மூலையில் இருந்த முத்திரையின் மேல் ஒட்டினாள். அதற்கு மட்டும் அவள் விளக்கம் சொல்லவில்லை. முன்வரிசைக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

அதற்குள் மைக்கை அணைத்துவிட்டார்கள். பாவம், அவர்களுக்கு ஒன்று தெரியாது. எண்பது தையல் மெஷின் ஓடும் மாடியில், இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குப் பன்னிரண்டு வருஷம் ஆள் கூப்பிட்ட தொண்டை அது. மைக் போனதே தெரியாத மாதிரி அவள் பேசிக்கொண்டு போனாள். கடைசி வரிசை வரை கேட்டது.

இயக்குநர் அம்மா மேடைக்கு வந்து, அம்மா உணர்ச்சிவசப்பட்டிருக்கிறார்கள் என்று சபையைப் பார்த்துச் சொன்னார். செக்கர் அக்கா உணர்ச்சிவசப்பட்டுத்தான் இருந்தாள், அதை மறுக்கவில்லை. அதனால் உண்மை பொய்யாகிவிடுமா என்று கேட்டாள்.

அப்போது முன்பக்கத்திலிருந்து ஒரு பத்திரிகைக்காரர் எழுந்தார். கதவருகே அந்தத் தோழியின் கடைசி நிமிடம் எப்படி இருந்தது, கடைசியாக என்ன சொன்னாள் என்று கேட்டார். கேள்வி நயமாகத்தான் இருந்தது. செல்போன்கள் எல்லாம் அவள் பக்கம் திரும்பின. அதைச் சொன்னால் அரங்கமே அழும் என்று அவளுக்குத் தெரியும். முன்வரிசை தலைகுனியும், நாளைக்கு எல்லாப் பேப்பரிலும் முதல் பக்கத்தில் வரும். கதவைப் பற்றி நூறு தடவை சொல்வதைவிட அந்த ஒரு சத்தத்தைச் சொன்னால் போதும். ஒரு வருஷமாக அது அவள் காதைவிட்டுப் போகவில்லை.

கதவோரம் நின்றவனைப் பார்த்தாள். அவன் அசையவில்லை.

“எனக்குத் தெரியும். ஆனா சொல்லமாட்டேன். அது அவ வீட்டுக்காரங்களோடது. உங்களுக்கு வேண்டியது பூட்டு. அதைப் போய் விசாரிங்க” என்றாள்.

மேடையைவிட்டு இறங்கும் முன் பதினான்கு அம்பு ஒட்டிய தாளை இயக்குநர் அம்மாவின் கையில் கொடுத்தாள். குறையுள்ள சட்டையைத் தைத்தவரிடமே கொடுத்துத்தான் அவளுக்குப் பழக்கம்.

மறுநாள் பேப்பரில் ஐந்தாம் பக்கத்தில் நாலு வரிதான் வந்தது. முதல் பக்கத்தை அவளே வேண்டாமென்று விட்டுவிட்டாள், அதனால் குறைப்பட்டுக்கொள்ளவில்லை. ஆனால் அந்த நாலு வரியில் ‘பூட்டு’ என்ற சொல் இருந்தது. திங்கட்கிழமை ஒரு கடிதம் வந்தது. நிர்வாகக் காரணங்களால் அறுவை சிகிச்சை தற்சமயம் தள்ளிவைக்கப்படுகிறதாம். முடிச்சு இருந்த இடம் வெட்ட வெளிச்சமாகிவிட்டது. மகள் கடிதத்தை வாங்கி அதிலும் ஒரு அம்பு ஒட்டினாள். அன்றைக்கே இருவரும் அரசு ஆஸ்பத்திரியில் போய் வரிசையில் நின்று பெயர் கொடுத்துவிட்டு வந்தார்கள். எட்டு மாதம் ஆகும் என்றார்கள். எட்டு மாதம்தானே என்றாள் செக்கர் அக்கா. அன்றைக்கு வீட்டுக்கு வந்து, கதவைச் சாத்திக்கொண்டு ஒரு மூச்சு அழவும் செய்தாள். தைரியமானவள் அழக்கூடாது என்று எங்கே எழுதியிருக்கிறது?

புதன்கிழமை காலையில் ரேடியோவின் புருஷன் வாளியோடு வந்தான். எல்லா நிறுத்தத்திலும் அந்த விளம்பரத்தைக் கிழித்துவிடச் சொல்லி உத்தரவு வந்திருக்கிறதாம். கிழிக்கும் முன் ஒரு தடவை வந்து பாருங்கள் என்று கூப்பிட்டான். வெள்ளிக்கிழமைக்குப் பிறகு மகள் பழைய நிறுத்தத்துக்கே போக ஆரம்பித்திருந்தாள். மூவருமாகப் பள்ளிக்கூடத்து நிறுத்தத்துக்குப் போனார்கள்.

விளம்பரத்தின் மேல் சிவப்பு அம்புகள் ஒட்டியிருந்தன. ‘மறந்தாள்’ என்ற சொல்லின் மேல் மட்டும் ஏழெட்டு. ‘கவனக்குறைவு’ மேல் அதைவிடக் கூடுதல். செக்கர் அக்கா ஒட்டியது ஒன்றுகூட இல்லை. அகல அம்பு ஒரு தொழிற்சாலையில் தருவது, ஒல்லி அம்பு இன்னொன்றில், மஞ்சள் ஓரம் போட்டது எங்கே என்று அவளுக்கே தெரியாது. இதே நிறுத்தத்தில் தினமும் பஸ் ஏறும் செக்கர்கள் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று அவள் அதுவரை எண்ணிப் பார்த்ததில்லை. எல்லா நிறுத்தத்திலும் இப்படித்தான் இருக்கிறது அக்கா, நீங்கள் மேடையில் ஒட்டியதைச் செல்போனில் பார்த்திருக்கிறார்கள் என்றான் அவன்.

செக்கர் அக்காவின் கை தானாகப் போய்க் கன்னத்தைத் தொட்டது.

அவன் சுரண்டும் தகட்டை எடுத்தான். எடுத்தவன் உடனே சுரண்டவில்லை.

“அக்கா, இது உங்க மூஞ்சி. நாலு தாளையும் எடுத்துடவா, இல்ல எது இருக்கணுமோ அது இருக்கட்டுமா? நீங்க சொல்றதைத்தான் செய்வேன்.”

இந்தப் படத்தைப் பற்றி ஒருவர் அவளைக் கேட்பது இதுதான் முதல் தடவை. அவள் யோசித்தாள். அழும் முகம்தான், கேட்காமல் எடுத்ததுதான். ஆனால் அந்தக் கன்னம் நிஜம், அந்தக் கட்டு நிஜம், இத்தனை பெண்கள் வந்து அம்பு ஒட்டிவிட்டுப் போனதும் அந்த முகத்தை நம்பித்தான். மகளைப் பார்த்தாள். முடிவு உன்னுடையது என்பது போல மகள் நின்றாள்.

“மேல் மூணும் இருக்கட்டும் தம்பி. நாலாவதை எடு” என்றாள். உன் வேலைக்கு ஆபத்து வருமே என்றும் கேட்டாள். பத்து நிறுத்தத்துக்கு நான் கடன்பட்டிருக்கிறேன் என்றான் அவன்.

கீழ்த்தாளைச் சுரண்டி எடுப்பதற்குள் அவனுக்கு வியர்த்துவிட்டது. அன்றைக்குப் போட்ட கூடுதல் பசை அப்படி. தகரம் பளிச்சென்று தெரிந்ததும், மகள் பள்ளிப் பையிலிருந்து ஒரு வெள்ளைச் சார்ட்டை உருவினாள். நிறுத்தத்துப் பெஞ்சிலேயே அதை விரித்து, செக்கர் அக்கா சொல்லச் சொல்ல ஸ்கெட்ச் பேனாவால் எழுதினாள். அவன் அதை வாங்கி, ஒட்டும் முன், வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு விளம்பரத்தை முதலிலிருந்து கடைசிவரை படித்தான். உதடு அசைந்தது. பிறகு விளிம்பு பார்த்து ஒட்டி, நடுவிலிருந்து ஓரத்துக்குக் கையால் நீவினான்.

‘அவள் மறக்கவில்லை. மூன்று தடவை எழுதினாள். கதவைப் பூட்டி வைத்திருந்தார்கள். இது என் முகம். கேட்டுத்தான் போட்டிருக்கிறார்கள்.’

பஸ்ஸுக்கு நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள். பஸ் வந்தது, சிலர் ஏறினார்கள், சிலர் படித்துவிட்டு அடுத்ததில் போகலாம் என்று நின்றுவிட்டார்கள். செக்கர் அக்கா இரண்டடி பின்னால் வந்து, ஸ்டிக்கர் சுருளை இடது கையில் வைத்துக்கொண்டு, மேலிருந்து கீழே, இடமிருந்து வலமாக ஒரு தடவை பார்த்தாள். இன்னொரு தடவையும் பார்த்தாள். பிறகு சுருளைப் பைக்குள் போட்டுக்கொண்டு, அடுத்த நிறுத்தத்துக்குப் போகலாம் என்றாள்.